சின்னப்பா சாய்ந்த சுவர்

ஞாயிற்றுக்கிழமை காலையில் சொர்ணம் முன்னறையின் மூன்று சுவர்களை மட்டும் துடைப்பாள். ஸ்டூலைப் போட்டு ஏறி, பிழிந்த ஈரத்துணியால் மின்விசிறி இறக்கையிலிருந்து ஆரம்பித்து, சுவிட்சைச் சுற்றிய கைக்கறை, முருகன் படத்துக்கும் அம்பேத்கர் படத்துக்கும் நடுவே பல்லி போட்டு வைத்திருப்பது என்று ஒவ்வொன்றாக வழித்துக்கொண்டே கீழே இறங்கி வருவாள். மேற்குச் சுவர் வந்ததும் கை நின்றுவிடும். அதைத் துடைக்கக் கூடாது என்பது மகன் தினேஷின் உத்தரவு. துடைக்கக் கூடாது, ஆணி அடிக்கக் கூடாது, பக்கத்தில் ஊதுவத்தி வைக்கக் கூடாது.

அந்தச் சுவரில், ஓர் ஆள் தரையில் உட்கார்ந்து சாய்ந்தால் தலை படுகிற உயரத்தில், சோற்றுத்தட்டு அகலத்துக்கு ஒரு கறை இருந்தது. ஓரத்தில் மஞ்சள், நடுவில் காப்பிக்கொட்டை நிறம். சொர்ணத்தின் புருஷன் சின்னப்பா இருபது வருஷத்துக்கு மேல் தேங்காயெண்ணெய்த் தலையைச் சாய்த்து உட்கார்ந்திருந்த இடம் அது. அவர் செத்துப்போய் ஒரு வருஷம் ஆகப்போகிறது. கறையைப் பார்க்க இப்போது ஆட்கள் வருகிறார்கள். கோரமங்களாவிலிருந்தும் இந்திராநகரிலிருந்தும் வருகிறார்கள். ஸ்ரீராம்புரம் சந்துக்குள் கார் நுழையாது என்பதால் மெயின் ரோட்டில் இறங்கி, சாக்கடையைத் தாண்டித் தாண்டி நடந்து, வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு, கோயிலுக்குள் வருகிற மாதிரிக் குனிந்து வருகிறார்கள்.

சொர்ணம் துணியை அலசிக் கொடியில் போட்டுவிட்டு சமையலறைப் படியில் போய் உட்கார்ந்தாள். ஆட்கள் வந்துவிட்டால் அவளுக்கு அதுதான் இடம். முன்னறை நிறைந்துவிடும், வெளியே போக வேறு வழி கிடையாது, கடைசி ஆள் கிளம்புகிறவரை அங்கேயே உட்கார்ந்திருக்க வேண்டும்.

ஜோலார்பேட்டைப் பக்கத்திலிருந்து அவள் இந்த வீட்டுக்கு வாழ வந்தபோது சின்னப்பா பஞ்சாலையில் தறி ஓட்டிக்கொண்டிருந்தார். சைக்கிள் உண்டு, சட்டைப்பையில் சீப்பு உண்டு, சனிக்கிழமையானால் மல்லிகைப்பூ வரும். நல்லபடியாகத்தான் இருந்தார். தினேஷுக்கு நாலு வயதாகும்போது ஆலையை மூடினார்கள். அதற்கப்புறம் ஒரு வருஷம் போல அவர் வேலை தேடினார். அடுகோடியில் ஒரு பட்டறையில் இருந்தார், பிறகு ஒரு குடோனில் காவலுக்கு இருந்தார். போன இடத்திலெல்லாம் மீசை முளைக்காத யாராவது ஒருவன் அவரை வா, போ என்றான். ஒருநாள் மத்தியானமே வீட்டுக்கு வந்து, டிவிக்கு எதிரே காலை நீட்டி, மேற்குச் சுவரில் சாய்ந்தார். அப்புறம் எழுந்திருக்கவில்லை என்றுதான் சொல்ல வேண்டும்.

அவர் குடிக்கவில்லை. கை நீட்டவில்லை. சொர்ணத்துக்கு அதுதான் பெரிய இடைஞ்சலாகப் போயிற்று. குடிக்கிறவன் பெண்டாட்டிக்குத் தெருவே கூட நிற்கும். சும்மா உட்கார்ந்திருக்கிறவன் பெண்டாட்டி யாரிடம் போய் என்னவென்று சொல்வாள்? எதிர்வீட்டுச் சரளாவே எத்தனையோ தடவை சொல்லியிருக்கிறாள், "உனக்கென்னக்கா, வீட்டோட இருக்கிற மனுஷன்." சொர்ணம் ஒரு பள்ளிக்கூடத்தில் ஆயா வேலைக்குப் போனாள். சின்னப் பிள்ளைகளுக்குக் கால் கழுவிவிட்டு, சாப்பாட்டு மேஜை துடைத்துவிட்டு, சாயங்காலம் வீட்டுக்கு வந்து படியேறுவாள். செருப்புச் சத்தம் கேட்டதும் சுவர் பேச ஆரம்பிக்கும்.

மேற்குச் சுவருக்கு அந்தப் பக்கம்தான் சமையலறை, அடுப்பு. டீ வேண்டுமென்றால் சின்னப்பா வாயைத் திறக்க மாட்டார். பின்மண்டையால் சுவரில் இரண்டு தட்டுத் தட்டுவார். டக், டக். அடுப்பங்கரையில் நிற்கிறவளுக்கு அது காதுக்குள்ளேயே கேட்கும். டீ வர நேரமானால் இன்னும் இரண்டு. கொத்துமல்லி வாங்க வெளியே போனாள் என்றால், திரும்பி வந்ததும் அதற்குத் தனியாக ஒன்று, கொஞ்சம் பலமாக. ஆரம்பத்தில் சொர்ணம், "வாயில என்ன கொழுக்கட்டையா?" என்று கேட்டுச் சண்டை போட்டாள். அவர் டிவியைப் பார்த்தபடியே இருப்பார். சண்டைக்குக்கூட அந்தப் பக்கத்திலிருந்து ஆள் வரவில்லை. போகப்போக அவளுக்கே தெரியாமல் ஒன்று நடந்துவிட்டது. சத்தம் கேட்டால் கை தானாகவே பால் பாத்திரத்தை எடுக்கும். பேரைச் சொல்லி அவர் கூப்பிட்டு எத்தனை காலமாயிற்று என்று ஒருதடவை கணக்குப் போட்டுப் பார்த்தாள். பிடிபடவில்லை.

போன மழைக்காலத்தில் அவர் சாய்ந்தபடியே போய்ச் சேர்ந்தார். அடுப்பில் டீயை வைத்துவிட்டு நின்றவள், தட்டுகிற சத்தம் வரவில்லையே என்று எட்டிப் பார்த்தாள். தினேஷ் அப்போது வாடகைக் கார் ஓட்டிக்கொண்டிருந்தான், ஏர்போர்ட் சவாரியில் இருந்தான். ஹெப்பால் நெரிசலில் மாட்டி அவன் வந்து சேர்வதற்குள் அப்பாவைக் கிடத்தி, தாடையைக் கட்டியாகிவிட்டது. கடைசியாக உட்கார்ந்திருந்த கோலத்தை அவன் பார்க்கவில்லை. அந்தக் குறை அவனுக்குள் முள்ளாக நின்றுவிட்டது.

சாவு விழுந்த வீட்டுக்குப் பதினாறாம் நாள் காரியத்துக்குள் வெள்ளையடிக்க வேண்டும், தீட்டுக் கழிய. பின்சந்தில் இருக்கிற பெயிண்டர் ஆம்ப்ரோஸைக் கூப்பிட்டு அடித்தார்கள். நாலு சுவரும் பளிச்சென்று இருந்தது. காரியம் முடிந்து, சொந்தக்காரர்கள் போய், ஹெப்பகோடியில் கட்டிக்கொடுத்த மகள் ரக்ஷிதாவும் கிளம்பிப்போன பிறகு, சொர்ணம் முதல்முறையாக அந்த அறைக்கு நடுவில் தரையில் மல்லாந்து படுத்தாள். வெள்ளைச் சுவர், யாரும் இல்லை. அவளுக்கு அழுகை வரும் என்று நினைத்தாள். தூக்கம் வந்தது.

அந்த வாரமே கறை திரும்பி வந்தது. முதலில் பழுப்பாக ஒரு நிழல், பிறகு வட்டம், பிறகு அவர் தலை. ஆம்ப்ரோஸ் வந்து பார்த்துவிட்டு, எண்ணெய் குடித்த சுவர், டிஸ்டம்பர் எத்தனை அடித்தாலும் மேலே வந்துகொண்டேதான் இருக்கும், பூச்சைக் கொத்தி எடுத்துவிட்டுப் புதிதாகப் பூசினால்தான் போகும் என்றான். சரளா ஓடிவந்து கற்பூரம் ஏற்றினாள். அண்ணனுக்கு அக்காவை விட்டுப் போக மனசில்லை என்று சந்து முழுக்கச் சொன்னாள். தினேஷ் தினமும் காலையில் வண்டியை எடுக்கப் போகுமுன் குனிந்து, உள்ளங்கையைக் கறைமேல் ஒரு நிமிஷம் வைத்துவிட்டுப் போனான். அவன் அப்படி வைக்கும்போது சொர்ணம் சமையலறைக்குள் போய்விடுவாள். தலைத்திவசத்துக்குள் இதைக் கொத்திவிட வேண்டும் என்று அவள் மனசுக்குள் நாள் குறித்துக்கொண்டாள். அவள் தனக்கென்று ஆசைப்பட்டது அது ஒன்றுதான்.

இந்த நேரத்தில்தான் எலோடி வந்து சேர்ந்தாள்.

பிரான்ஸ் தேசத்து ஓவியக்காரி. ஐம்பது வயதிருக்கும், நரைத்த முடியை ஒட்ட வெட்டியிருப்பாள், தோளில் எப்போதும் ஒரு துணிப்பை. ஊரில் ஒரு கலை அறக்கட்டளை அவளை ஆறு மாதத்துக்கு அழைத்திருந்தது. தினேஷின் காரைத்தான் அவளுக்குப் பேசியிருந்தார்கள். ஒருநாள் பேய்மழை, பாலத்துக்கடியில் தண்ணீர். பக்கத்தில்தான் வீடு, டீ குடித்துவிட்டுப் போகலாம் மேடம் என்று கூட்டிவந்துவிட்டான். அவள் ஈரக்காலோடு உள்ளே வந்தாள், சுவரைப் பார்த்தாள், அதற்கு முன்னால் குத்துக்காலிட்டு உட்கார்ந்தாள். டீ ஆறி ஆடை கட்டுகிற வரைக்கும் எழுந்திருக்கவில்லை. அப்பா சாய்ந்த இடம், வெள்ளையடித்தும் வந்துவிட்டார் என்று தினேஷ் தனக்குத் தெரிந்த இங்கிலீஷில் சொன்னான். அவள் கண் கலங்கி, சொர்ணத்தின் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டாள். பிடித்த கை மெத்தென்று இருந்தது. கெட்ட பொம்பளை இல்லை என்று அப்போதே சொர்ணத்துக்குத் தெரிந்துவிட்டது. அதுதான் பிற்பாடு கஷ்டமாகவும் போயிற்று.

அடுத்த வாரம் அறக்கட்டளையிலிருந்து கிருத்திகா என்கிற பெண்ணும் கூட வந்தாள். ஈரோட்டுக்காரி. கம்ப்யூட்டர் கம்பெனி வேலையை விட்டுவிட்டு இதில் சேர்ந்தவள், எலோடிக்கும் சொர்ணத்துக்கும் நடுவில் அவள்தான் பேச்சு. இந்தச் சுவர் ஒரு கலைப்படைப்பு என்று எலோடி நினைக்கிறாள், இதை யாரும் வரையவில்லை, வாழ்ந்து வாழ்ந்தே உண்டான படம், ஞாயிற்றுக்கிழமைகளில் ஆட்கள் வந்து பார்க்க அனுமதித்தால் போதும், வேறெதையும் மாற்ற வேண்டாம் என்று கிருத்திகா விளக்கினாள். சொர்ணம் மகனைப் பார்த்தாள். அவன் ஏற்கெனவே வாக்குக் கொடுத்துவிட்டான் என்பது அவன் முகத்திலேயே தெரிந்தது. அறக்கட்டளையில் அவனை நிரந்தர டிரைவராக எடுத்துக்கொண்டார்கள். ராப்பகலாக ஏர்போர்ட்டுக்கு ஓட வேண்டியதில்லை. ராத்திரி வீட்டில் சாப்பிடுகிறான், முகத்தில் சதை போட்டிருக்கிறது. எந்த அம்மாதான் அதைக் கெடுப்பாள்?

"நாங்க வரும்போது எப்பவும் போல இருங்க ஆன்ட்டி, அது போதும்," என்றாள் கிருத்திகா.

எப்போதும் போல இருப்பது இவ்வளவு பெரிய பாடு என்று சொர்ணத்துக்கு அதுவரை தெரியாது. பத்துப் பேர் பார்க்க வெங்காயம் உரித்தால் விரலெல்லாம் வேறு யாருடையதோ மாதிரி இருந்தது. இடுப்பைச் சொறிய முடியாது. மூக்கைச் சிந்த முடியாது. ஒருதடவை ஞாயிற்றுக்கிழமை வழக்கப்படி தலைக்கறி வைத்தாள், வந்தவர்களில் ஒரு பெண் வாயைப் பொத்திக்கொண்டு வெளியே ஓடினாள். மறுவாரம் வெறும் ரசம் வைத்தாள். ஏன் மாற்றினீர்கள், எப்போதும் போல இருங்கள் என்று மறுபடி சொன்னார்கள். ரக்ஷிதா வீட்டுக்குப் போய்க் கொஞ்சநாள் இருக்கலாமா என்று பார்த்தால், அங்கே ஒற்றை அறையில் மாமியார், மாமனார், ரெண்டு பிள்ளைகள். போய் எங்கே படுப்பது?

ஒருநாள் அறக்கட்டளையின் ஹாலில் எலோடி படம் போட்டுப் பேசினாள். தினேஷ் அம்மாவைப் பட்டுப்புடவை கட்டச் சொல்லிக் காரில் கூட்டிப்போய் முன்வரிசையில் உட்கார வைத்தான். கிருத்திகா பக்கத்தில் உட்கார்ந்து காதோரம் தமிழில் சொல்லிக்கொண்டு வந்தாள். பாரிஸில் ஒரு காலத்தில், பணக்காரர்கள் மாளிகையில் மாட்டுவதற்குத்தான் படமா என்று சில பேருக்குக் கோபம் வந்ததாம். ஒருத்தர் கடல் தாண்டிப் போய், ஆண்கள் கழிப்பறையில் மாட்டுகிற மூத்திரக் கோப்பையைக் கண்காட்சிக்கு அனுப்பி இதுவும் சிற்பம்தான் என்றாராம். உலக யுத்தத்துக்குப் பிறகு சில பேர் தெருத்தெருவாகப் போய், சுவரில் ஒன்றின்மேல் ஒன்றாக ஒட்டிக் கிழிந்த போஸ்டர்களை அப்படியே உரித்து வந்து சட்டம் போட்டு மாட்டினார்களாம். சினிமாவும் எலெக்‌ஷனும் சோப்பு விளம்பரமும் கிழிந்து கலந்து கிடந்த படங்களைத் திரையில் காட்டினாள். நம்ம சந்து முனையில் இருப்பதே இதைவிடத் தேவலை என்று சொர்ணம் நினைத்தாள்.

அப்புறம் இன்னொருத்தர் கதை வந்தது. அவர் பாரிஸில் ஒரு கடை மாதிரியான அறையைக் காலிசெய்து, எல்லாச் சுவருக்கும் தன் கையாலேயே வெள்ளையடித்து, உள்ளே ஒன்றுமே வைக்காமல் திறந்துவிட்டாராம். அந்த ஒன்றுமில்லாததைப் பார்க்க ஜனங்கள் தெருவடைத்து வரிசையில் நின்றார்களாம். திரையில் அந்த வெள்ளை அறை தெரிந்தது. ஜன்னல், வெள்ளைச் சுவர், தரை. சொர்ணம் நாற்காலி நுனிக்கு வந்துவிட்டாள். காரியம் முடிந்த வாரத்தில் மல்லாந்து படுத்த தன் வீடு அவளுக்கு ஞாபகம் வந்தது.

திரும்பி வரும்போது காரில் கிருத்திகாவிடம் சொன்னாள். "அந்த வெள்ளையடிச்ச மனுஷன் இருக்காரே, அவரை எனக்குப் பிடிச்சிருக்கு கண்ணு. நம்ம வீட்டையும் அது மாதிரி பண்ணச் சொல்லேன்."

கிருத்திகா சிரித்தாள். முன்சீட்டிலிருந்து எலோடி திரும்பிப் பார்த்து என்னவென்று கேட்டாள், சொன்னதும் அவளும் சிரித்து, சொர்ணத்தின் முழங்காலைத் தட்டினாள். வண்டி ஓட்டிக்கொண்டிருந்த தினேஷ் மட்டும் கண்ணாடி வழியே ஒருதரம் அம்மாவைப் பார்த்தான்.

சரி, சிரிக்கிறவர்களிடம் வேறு வழியில் கேட்போம் என்று அடுத்த ஞாயிறு கேட்டாள். போஸ்டரை உரித்துக்கொண்டு போனார்களே, அதே மாதிரி இந்தச் சுவரைக் கொத்தி எடுத்து உங்கள் ஊருக்குக் கொண்டுபோய்விடுங்கள், ஒரு பைசா வேண்டாம், உடைகிற இடத்தை நாங்களே பூசிக்கொள்கிறோம். இதைக் கிருத்திகா சொன்னபோது எலோடி சிரிக்கவில்லை. சுவருக்கு எதிரே சம்மணமிட்டு உட்கார்ந்து வெகுநேரம் விளக்கினாள். அந்தக் காலத்து ஆட்கள் செய்த தப்பே அதுதானாம். தெருவில் உயிரோடு இருந்ததை உரித்தெடுத்து மாட்டினார்கள், கடைசியில் அது பணக்காரர் வீட்டுக்கும் மியூசியத்துக்கும்தான் போய்ச் சேர்ந்தது, யாரை எதிர்த்துச் செய்தார்களோ அவர்களே வாங்கி மாட்டிக்கொண்டார்கள். தான் அந்தத் தப்பைச் செய்வதில்லை என்று இருபது வயதில் எடுத்த முடிவாம். வாழ்க்கை இருக்கிற இடத்திலேயே கலை இருக்க வேண்டும். ஒரு துளிப் பூச்சைக்கூட இங்கிருந்து எடுத்துப்போக மாட்டாளாம்.

"உங்ககிட்டேருந்து எதையும் பறிக்கமாட்டாங்க ஆன்ட்டி. அந்த விஷயத்துல அவங்க ரொம்ப கறார்," என்றாள் கிருத்திகா, ஆறுதல் சொல்கிற மாதிரி.

சொர்ணம் ஆம்ப்ரோஸிடம் போனாள். தினேஷ் இல்லாத நாளாகப் பார்த்து வந்து கொத்திவிட்டுப் போ என்றாள். அவன் தலையைச் சொறிந்தான். வெளிநாட்டுக்காரர்கள் வர ஆரம்பித்த பிறகுதான் கார்ப்பரேஷன்காரர்கள் சந்துச் சாக்கடைக்கு மூடி போட்டார்கள், செத்துக்கிடந்த தெருவிளக்கு எரிகிறது, சரளா வாசலில் மிளகாய் பஜ்ஜி போட்டு ஞாயிற்றுக்கிழமை தவறாமல் விற்கிறாள். இதில் கடப்பாறையோடு அவன் வந்து நின்றால் சந்து சும்மா விடுமா? "தினேஷு வந்து கொத்துன்னு ஒரு வார்த்தை சொல்லட்டும் அக்கா, அன்னிக்கே கொத்தறேன். இல்லேன்னா ஆகல்ல, என்னால முடியாது. என்னை மாட்டிவிடாதீங்க," என்றான். பஜ்ஜி வாணலிக்குப் பின்னாலிருந்து சரளா சொன்னதும் அதுதான், கொஞ்சம் இனிப்பாக. "ஊர்ல எந்தப் புருஷனுக்குக்கா இவ்வளவு மரியாதை? செத்தும் உன்னைக் காப்பாத்தறாரு பாரு."

ஒரு புதன்கிழமை பள்ளிக்கூடத்துக்கு லீவு. பரண்மேல் காரியத்துக்கு வாங்கியதில் மீந்துபோன டிஸ்டம்பர் அரை வாளி இருந்தது. சொர்ணம் கதவைத் தாழிட்டாள். தண்ணீர் விட்டுக் கலக்கி, பழைய பிரஷ்ஷைச் சுடுதண்ணீரில் ஊறவைத்து, முட்டிபோட்டு உட்கார்ந்து கறையின்மேல் அடித்தாள். காய்ந்ததும் இன்னொரு பூச்சு. அது திரும்பி வரும் என்று ஆம்ப்ரோஸ் சொன்னது அவளுக்கு மறக்கவில்லை. வரட்டும், வருகிறவரைக்கும் கிடைக்கிறது லாபம் என்று நினைத்தாள். அடித்துவிட்டு அதற்கு எதிரே காலை நீட்டி உட்கார்ந்து, டிவி போடாமல், டீ குடித்தாள். தனக்கே தனக்கென்று போட்ட டீ.

தினேஷ் சாயங்காலம் வந்து பார்த்தான். சத்தம் போடுவான் என்று அவள் தயாராக இருந்தாள். அவன் போடவில்லை. வழக்கமாகக் கை வைக்கிற இடத்தில் கையை நீட்டி, ஈரமோ என்று பயந்தவன் மாதிரி தொடாமலே திரும்ப எடுத்துக்கொண்டான். சட்டையைக்கூடக் கழற்றாமல் சுவரைப் பார்த்தபடி உட்கார்ந்தான். வைத்த சோற்றைத் தொடவில்லை. கேட்டதற்கு, "சும்னே இரும்மா," என்று மட்டும் சொன்னான். அப்பாவைப் போலவே டிவிப் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டு சொன்னான். நாலு நாளும் வீட்டில் அதே பேச்சுத்தான். மேடத்திடம் அவன் சொல்லியிருப்பான், வேலை போகும், அந்தப் பழி தன்மேல்தான் விழும் என்று சொர்ணம் ஞாயிற்றுக்கிழமைக்குக் காத்திருந்தாள்.

ஞாயிற்றுக்கிழமை மூன்று சுவர்களையும் துடைத்தாள். மேற்குச் சுவரில் பழுப்பு அதற்குள் எட்டிப்பார்த்திருந்தது, தண்ணி டீ நிறத்தில்.

எலோடி உள்ளே வந்து பார்த்தாள். கூட வந்த ஏழெட்டுப் பேரும் பின்னால் நெருக்கியடித்து நின்றார்கள். தினேஷ் கதவோரம் தலை குனிந்து நின்றான். சொர்ணம் சமையலறைப் படியிலிருந்து எழுந்து நின்றுகொண்டாள், திட்டு வாங்கினாலும் நின்றபடி வாங்குவோம் என்று. எலோடி இரண்டு கையையும் நெஞ்சில் வைத்துக்கொண்டாள். படபடவென்று பேசினாள். பேசப் பேச அவள் முகம் மலர்ந்துகொண்டே போனது.

"நீங்க செஞ்சது ரொம்பச் சரின்னு சொல்றாங்க ஆன்ட்டி," என்றாள் கிருத்திகா. "இது எப்படித் தனக்குத் தோணாமப் போச்சுன்னு கேக்கறாங்க. இனிமே ஞாயித்துக்கிழமை ஞாயித்துக்கிழமை எல்லாரும் பாக்க நீங்களே வெள்ளையடிக்கணுமாம். அது திரும்பி வரும். நீங்க மறுபடி அடிப்பீங்க. பிரஷ்ஷு, பெயிண்ட் எல்லாம் அவங்களே வாங்கித் தந்துருவாங்க. உங்க பேரையும் சேர்த்துப் போடணும்னு சொல்றாங்க."

தினேஷ் தலையை நிமிர்த்தினான். நாலு நாளில் முதல்தடவையாக அம்மாவைப் பார்த்துச் சிரித்தான்.

நாளைக்குக் கடப்பாறையை எடுத்துக் கொத்தினாலும் இவர்கள் கைதட்டுவார்கள் என்று சொர்ணத்துக்குத் தெரிந்துபோயிற்று.

"கண்ணு, நான் சொல்றதை அப்படியே சொல்லு," என்றாள். "இது பாசத்துல வந்த கறை இல்லை. அந்த மனுஷன் இங்க உக்காந்துக்கிட்டு மண்டையால சுவத்துல தட்டுவாரு. நான் அந்தாண்டை அடுப்புக்கிட்ட நிப்பேன். தட்டினா டீ கொண்டாரணும். லேட்டானா இன்னொரு தட்டு. இருபது வருஷமா என்னை அவர் பேர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. அதைத்தான் நீங்கள்லாம் செருப்பைக் கழட்டிட்டு வந்து பாக்கறீங்க."

கிருத்திகா தினேஷைப் பார்த்தாள். அவன் முகத்தைத் திருப்பிக்கொண்டான். "டீ கேக்கறதுக்குத்தானேம்மா தட்டினாரு," என்றான், யாருக்கும் கேட்காத மாதிரி. கிருத்திகா கொஞ்சம் தடுமாறி, பிறகு முழுவதையும் இங்கிலீஷில் சொன்னாள். எதையும் அவள் விட்டுவிடவில்லை என்பது கேட்டவர்கள் முகத்திலேயே தெரிந்தது. கண்ணாடி போட்ட ஒரு பெரியவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். ஒரு பெண் போனில் எதையோ வேகமாகக் குறித்துக்கொண்டாள்.

எலோடி தாழ்ந்த குரலில் ஒன்று கேட்டாள். அங்கே உட்கார்ந்து பார்க்கலாமா என்று கேட்பதாகக் கிருத்திகா சொன்னாள். சொர்ணம் சரி என்றும் சொல்லவில்லை, வேண்டாம் என்றும் சொல்லவில்லை. எலோடி மெதுவாகச் சுவரோரம் உட்கார்ந்து, சின்னப்பா நீட்டிய மாதிரியே காலை நீட்டி, தலையைப் பழுப்பின்மேல் சாய்த்துக் கண்ணை மூடினாள். அப்புறம் பின்மண்டையால் தட்டினாள்.

டக், டக்.

அவ்வளவு பேரும் அந்தச் சத்தத்தைக் கேட்டு நின்றார்கள். எலோடி கண்ணைத் திறந்தபோது சொர்ணம் படியில் இல்லை. சமையலறைக்குள் அடுப்புக்கு முன்னால் நின்றுகொண்டிருந்தாள். கையில் பால் பாத்திரம் இருந்தது. எப்போது உள்ளே வந்தோம், எப்போது எடுத்தோம் என்று அவளுக்குத் தெரியவில்லை. பாத்திரத்தைப் பார்த்தாள். சமையலறை வாசல் வழியாகத் தினேஷ் அவளையே பார்த்துக்கொண்டு நின்றான். அவன் சிரிப்பு போயிருந்தது.

அவள் பாத்திரத்தை அடுப்பின்மேல் வைக்காமல் கீழே தரையில் வைத்தாள். படிக்கு வந்து நின்றாள்.

"தினேஷு," என்றாள். "இந்தச் சுவத்தை எப்படா கொத்தறது?"

தினேஷ் சுவரைப் பார்த்தான். அதில் சாய்ந்திருந்த எலோடியைப் பார்த்தான். அப்புறம் தன் கால் விரலைப் பார்த்தான். என்ன கேட்கிறார்கள் என்று எலோடி தலையைத் திருப்பிக் கிருத்திகாவிடம் கண்ணால் கேட்டாள், கிருத்திகா வாயைத் திறக்கவில்லை. வாசலில் சரளாவின் வாணலியில் பஜ்ஜி பொரிகிற சத்தம் மட்டும் கேட்டது.

சொர்ணம் முந்தானையை இடுப்பில் செருகிக்கொண்டு முன்னறைக்குள் இறங்கினாள். நின்றவர்கள் சுவரோடு ஒண்டி அவளுக்கு வழி விட்டார்கள், எலோடி நீட்டியிருந்த காலை மடக்கிக்கொண்டாள். வாசலில் கிடந்த அத்தனை செருப்புக்கும் அடியிலிருந்து தன்னுடையதைத் தேடி எடுத்து மாட்டிக்கொண்டு, அவள் வெளியே போனாள்.